நாட்டிலஸ் நீர்மூழ்கி அருங்காட்சியகம், குரோட்டன்: உலையைப் பார்க்க முடியாது, ஆனாலும் போகலாம்

அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில், குரோட்டன் ஊரில், லண்டனிடமிருந்து பெயரை மட்டும் வாங்கிக்கொண்ட தேம்ஸ் ஆற்றின் கரையில், அந்நாட்டுக் கடற்படை நடத்தும் நீர்மூழ்கி அருங்காட்சியகம் இருக்கிறது. நுழைவுக் கட்டணம் கிடையாது. வண்டி நிறுத்தவும் காசு வாங்குவதில்லை. உலகில் முதன்முதலாக அணு உலையின் ஆற்றலால் ஓடிய கப்பலான நாட்டிலஸ் அங்கே கரையோரம் மிதந்தபடி நிற்கிறது. அதன் முன்பகுதிக்குள் இறங்கி நடந்து பார்க்கலாம். நியூயார்க், நியூஜெர்சிப் பக்கம் குடியிருக்கும் நம்மவர்கள், ஊரிலிருந்து வரும் பெற்றோரை நயாகராவுக்கும் சுதந்திர தேவி சிலைக்கும் அழைத்துப் போவதோடு கடமையை முடித்துக்கொள்கிறார்கள். வருபவருக்கு இயந்திரங்களில் சிறிதேனும் நாட்டம் இருந்தால், ஒருநாளை இங்கே செலவிடலாம் என்பது என் கருத்து. ஒன்றை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: அந்தக் கப்பலைப் புகழ்பெறச் செய்த அணு உலையை நீங்கள் பார்க்கப் போவதில்லை. உலைப் பகுதியும் அதற்குப் பின்னால் உள்ள இயந்திர அறையும் பார்வையாளர்களுக்கு மூடப்பட்டவை. அணு எரிபொருளை எப்போதோ எடுத்துவிட்டார்கள், இருந்தும் கதவு திறக்கவில்லை.

நான் போனது மாமனாருடன். தூத்துக்குடி அனல்மின் நிலையத்தில் பணியாற்றி ஓய்வு பெற்றவர். கொதிகலன், டர்பைன், நீராவியைக் குளிர்வித்து மீண்டும் நீராக்கும் கண்டன்சர் என்று பேச ஆரம்பித்தால் சாப்பாட்டை மறந்துவிடுவார். அவருக்கு இந்தத் தடையில் பெரிய ஏமாற்றம். ஆனால் கப்பலை விட்டு வெளியே வரும்போது, உலையைக் காட்டாததால் இந்த இடத்துக்குக் குறைவு வந்துவிடவில்லை என்பதில் இருவரும் ஒத்துப்போனோம். காரணம், அணு உலை ஒரு நீர்மூழ்கிக்கு என்ன செய்தது என்பதை உலையைக் காட்டிலும் அந்தக் கப்பலின் படுக்கைகளும் சாப்பாட்டு அறையும்தான் தெளிவாகச் சொல்கின்றன.

கப்பலுக்குப் போகும் முன், வெளி முற்றத்தில் நிற்கும் எக்ஸ்-1 என்ற குட்டி நீர்மூழ்கியைத் தவறவிட வேண்டாம். பதினைந்து மீட்டர் நீளம்தான். பெரும்பாலோர் அதன் முன் படம் எடுத்துக்கொண்டு நகர்ந்துவிடுகிறார்கள். என் கணக்கில் அந்த முற்றத்திலேயே முக்கியமான பொருள் அதுதான். நீர்மூழ்கியின் அடிப்படைச் சிக்கல் காற்று. டீசல் இயந்திரம் ஓடக் காற்று வேண்டும். நீருக்கடியில் காற்று கிடையாது. எனவே மேலே இருக்கும்போது டீசலை ஓட்டி மின்கலங்களை ஏற்றிக்கொண்டு, கீழே போனதும் அந்த மின்சாரத்தில் ஊர்ந்தாக வேண்டும். இரண்டாம் உலகப் போர்க் கால அமெரிக்க நீர்மூழ்கி ஒன்று 2 நாட் (மணிக்கு 2 கடல்மைல்) வேகத்தில், அதாவது மனிதன் நடக்கும் வேகத்தில், சென்றால் 48 மணி நேரம் நீருக்குள் தாக்குப்பிடிக்கும். முழு வேகமான 9 நாட் வரை விரட்டினால் மின்கலம் மிக விரைவில் தீர்ந்துவிடும். இந்தக் கட்டிலிருந்து விடுபட, ஆக்சிஜனையும் எரிபொருளோடு சேர்த்தே எடுத்துச் செல்லலாம் என்ற யோசனை ஜெர்மனியிலும் பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் முயன்று பார்க்கப்பட்டது. அடர்ந்த ஹைட்ரஜன் பெராக்சைடைச் சிதைத்தால் ஆக்சிஜன் கிடைக்கும். அதில் இயந்திரத்தை ஓட்டலாம். எக்ஸ்-1 அந்த வழியில் கட்டப்பட்ட கப்பல். 1957 மே மாதத்தில் அதன் பெராக்சைடு வெடித்து முகப்பே பிய்ந்தது. பிறகு சாதாரண டீசல்-மின்கலக் கப்பலாக மாற்றிவிட்டார்கள். அணு உலையோடு போட்டியிட்டுத் தோற்ற மாற்று வழியை, வென்றதற்குப் பக்கத்திலேயே நிறுத்தியிருப்பது வேண்டுமென்றே செய்ததா, தற்செயலா தெரியாது. எதுவானாலும் நல்ல ஏற்பாடு.

நாட்டிலஸின் நீளம் 320 அடி. 1952 ஜூனில் அதிபர் ட்ரூமன் முன்னிலையில் அடித்தளம் இடப்பட்டு, 1954 ஜனவரியில் இதே குரோட்டனில் உள்ள எலெக்ட்ரிக் போட் கப்பல்கட்டும் தளத்திலிருந்து ஆற்றில் இறக்கப்பட்டது. 1955 ஜனவரி 17 அன்று, அணு ஆற்றலில் புறப்பட்டுவிட்டதாகத் தலைவர் யூஜின் வில்கின்சன் செய்தி அனுப்பினார். அதே ஆண்டு மே மாதத்தில் இங்கிருந்து போர்ட்டோ ரிக்கோவின் சான் உவான் வரை, ஆயிரத்துக்கும் அதிகமான கடல்மைலை, ஒருமுறைகூட மேலே வராமல் 90 மணி நேரத்துக்குள் கடந்தது. 2 நாட் வேகத்தில் ஊர்ந்துகொண்டிருந்த இனம், ஒரே தாவலில் 20 நாட் வேகத்தைத் தாண்டிவிட்டது.

படியிறங்கியதும் முதலில் டார்பிடோ அறை. முகப்பில் ஆறு குழாய்கள், பளபளவென்று துடைத்த பித்தளை. அதைத் தாண்டி அதிகாரிகளின் அறைகள், தாக்குதல் அறை, கட்டுப்பாட்டு அறை, மாலுமிகளின் உணவுக்கூடம் என்று பாதை போகிறது. கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் சீருடை அணிந்த பொம்மைகளை நிறுத்தியிருக்கிறார்கள். அவை இல்லாமலே இருந்திருக்கலாம். படுக்கைகளைக் கவனியுங்கள். பழைய நீர்மூழ்கிகளில் ஒருவர் எழுந்து காவலுக்குப் போனதும், அவர் உடற்சூடு ஆறாத அதே படுக்கையில் இன்னொருவர் படுப்பார். நாட்டிலஸில் ஆளுக்கொரு படுக்கை. உணவுக்கூடத்தில் இசைப்பெட்டி. இறங்கவும் ஏறவும் செங்குத்து ஏணிக்குப் பதிலாகக் கப்பலுக்குள்ளேயே படிக்கட்டு. இவை சொகுசுக்காக மட்டும் வந்தவை என்று எண்ணிவிடக் கூடாது. டீசல் தொட்டிகளும் அளவாகச் செலவிட வேண்டிய மின்கலமும் கப்பலின் எசமானர்களாக இருந்த காலத்தில், குளிக்கும் நீருக்குக்கூடக் கணக்கு இருந்தது. உலை வந்த பிறகு மின்சாரத்துக்குக் குறைவில்லை; கடல்நீரைக் காய்ச்சி நன்னீராக்கலாம், காற்றைக் குளிரவைக்கலாம், அதிலுள்ள கரியமில வாயுவை இயந்திரம் வைத்து அகற்றலாம். அதன்பின் கப்பல் எவ்வளவு நாள் மூழ்கியிருக்கலாம் என்பதைத் தீர்மானித்தது எரிபொருள் அன்று, அரிசி மூட்டையும் ஆட்களின் பொறுமையும்தான். (அங்கே அது உருளைக்கிழங்கு மூட்டையாக இருந்திருக்கும்.)

பாதை திரும்பும் இடத்தில் நின்றிருந்த இளம் மாலுமியிடம், உலை எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று கேட்டோம். அவர் பின்பக்கச் சுவரை நோக்கிக் கையைக் காட்டி, “இதற்கு அப்பால்” என்று மட்டும் சொன்னார். மாமனார் விடவில்லை. “கண்டன்சராவது காட்டுவார்களா கேளுங்கள் மாப்பிள்ளை” என்றார். அதுவும் அப்பால்தான்.

அப்பால் இருப்பதை நாமே தெரிந்துகொண்டு போவது நல்லது என்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். நாட்டிலஸின் உலை அழுத்த நீர் உலை வகையைச் சேர்ந்தது. யுரேனியம் பிளவுபடும்போது எழும் வெப்பத்தை நீர் வாங்கிக்கொள்கிறது. பிரஷர் குக்கரில் போல, ஆனால் அதைவிடப் பல பத்து மடங்கு அழுத்தத்தில் அடைத்துவைத்திருப்பதால், மிகுந்த வெப்பத்திலும் அந்த நீர் கொதிப்பதில்லை. அது தன் வெப்பத்தை வேறொரு சுற்றில் ஓடும் நீருக்குக் கொடுக்கிறது; அந்த இரண்டாம் நீர்தான் ஆவியாகி டர்பைனைச் சுழற்றுகிறது. கதிரியக்கம் முதல் சுற்றோடு நின்றுவிடுவதால், டர்பைன் பக்கம் ஆட்கள் சாதாரணமாக வேலை செய்யலாம். அதாவது, உலையின் சுவரைத் தாண்டினால் மீதமெல்லாம் மாமனாருக்கு நாற்பது வருடப் பழக்கம்.

உலைக்குள் இருந்த உலோகங்களின் கதை அவருக்கே புதிது. யுரேனியத்தைப் பொதியும் உறை, அணுப்பிளவைத் தொடர்ந்து நடக்கவைக்கும் துகள்களான நியூட்ரான்களை விழுங்காததாகவும் சுடுநீரில் அரிக்காததாகவும் இருக்க வேண்டும். கப்பற்படையின் உலைத் திட்டத்தை இரும்புப் பிடியாக நடத்திய ஹைமன் ரிக்கோவரின் குழு அதற்குச் சிர்க்கோனியத்தைத் தேர்ந்தது. அப்போது அது ஆய்வகத்தில் துளித்துளியாகக் கிடைத்த உலோகம். அதிலும் ஒரு சிக்கல்: இயற்கையில் சிர்க்கோனியத்தோடு எப்போதும் ஹாஃப்னியம் கலந்தே வரும், அதுவோ நியூட்ரான்களை ஆவலோடு விழுங்கக்கூடியது. இரண்டையும் பிரிக்கும் முறையைக் கண்டு தொழிற்சாலை அளவுக்குக் கொண்டுவந்த பிறகு, சிர்க்கோனியம் எரிபொருளின் உறையாகவும், பிரித்து எடுத்த ஹாஃப்னியம் உலையை அடக்கும் கட்டுப்பாட்டுக் கோலாகவும் பயன்பட்டன. கழிவாகப் போக வேண்டியதே கடிவாளமாயிற்று. இன்று இந்திய அணுமின் நிலையங்களுக்கான சிர்க்கோனியம், தூத்துக்குடி மாவட்டம் பழையகாயலில் உள்ள ஆலையிலிருந்தும் போகிறது. அந்த வழியாகப் பலமுறை திருச்செந்தூர் போயிருப்பவர், அந்த ஆலைக்குள் நடப்பது என்னவென்று கனெக்டிகட்டில் வைத்துத் தெரிந்துகொண்டார்.

இந்த உலையைக் கடலில் வைப்பதற்கு முன்பே, அதன் முன்மாதிரியை ஐடஹோ மாநிலத்தின் வறண்ட வெளியில், கப்பலின் உடற்பகுதி போன்ற கூட்டுக்குள் கட்டி 1953 மார்ச்சில் இயக்கினார்கள். அந்த ஆண்டே, அட்லாண்டிக்கைக் கடக்க எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம் அதைத் தரையிலேயே இடைவிடாமல் முழு ஆற்றலில் ஓட்டிப் பார்த்தார்கள். ரிக்கோவரின் பிடிவாதத்துக்கு இதைவிட நல்ல சான்று வேண்டியதில்லை.

வட துருவப் பயணத்துக்கு அருங்காட்சியகம் தரும் இடம் நியாயமானது. வில்லியம் ஆண்டர்சன் தலைமையில் 116 பேர், 1958 ஆகஸ்ட் 3 அன்று பனிக்கட்டியின் அடியில் துருவத்தைக் கடந்தார்கள். பனிக்குக் கீழே தொடர்ந்து ஓடியது 96 மணி நேரம். இதில் எனக்குப் பிடித்த பகுதி அதற்கு முந்தைய கதை. புறப்பாட்டுக்கு முன் கப்பலின் கண்டன்சரில் ஓர் ஒழுகல். எங்கே என்று கண்டுபிடிக்கவே முடியவில்லை. கடைசியில் மாலுமிகள் சாதாரண உடையில் சியாட்டில் நகரின் கடைகளுக்குப் போய், கார் ரேடியேட்டர் ஒழுகலை அடைக்கும் திரவத்தை டப்பா டப்பாவாக வாங்கிவந்து ஊற்றினார்கள், ஒழுகல் நின்றது. இதைக் கேட்டு மாமனார் வியப்படையவில்லை. “நாங்கள் மரத்தூள் போடுவோம், கண்டன்சர் குழாயில் ஓட்டை விழுந்தால் தூள் தானாகப் போய் அடைத்துக்கொள்ளும்” என்றார். அணு உலை என்றதும் நாம் மிரண்டுபோய்ப் பார்க்கும் அமைப்பில், முக்கால் பங்கு நீராவிப் பொறியியல்தான். அது ஒழுகும் விதமும் அடைபடும் விதமும் எல்லா ஊரிலும் ஒன்றே.

குறை என்று சொல்ல வேண்டியது ஒன்று உண்டு. கப்பலுக்குள் நடந்து வருபவர், நாட்டிலஸ் எல்லா வகையிலும் சிறந்த நீர்மூழ்கி என்ற எண்ணத்தோடு வெளியேறிவிட வாய்ப்பிருக்கிறது. உண்மையில் அது பெருஞ்சத்தம் போட்ட கப்பல். உடலின் வடிவம் பழையது. சற்று வேகம் எடுத்தாலே நீரோட்டத்தால் அதிர்ந்து, தன் சத்தத்தில், ஒலியைக் கொண்டு பிற கப்பல்களைக் கண்டறியும் தன் சோனாரையே கேட்கவிடாமல் செய்துவிடும். உலையின் நீரைச் சுற்றிவிடும் பம்புகள், டர்பைனின் பற்சக்கரங்கள் எல்லாம் ஓய்வின்றி ஓட வேண்டும் என்பதால், அசையாமல் மின்கலத்தில் பதுங்கிக் கிடக்கும் டீசல் கப்பலின் அமைதி அணுக் கப்பலுக்கு எளிதில் வாய்ப்பதில்லை; இன்றும் பல நாடுகள் தங்கள் கடலோரத்துக்கு டீசல் கப்பல்களைக் கட்டுவதற்கு விலையோடு இதுவும் ஒரு காரணம். நாட்டிலஸுக்கு ஏற்ற உடல்வடிவம், நீர்த்துளி போன்ற ஆல்பகோர் என்ற சோதனைக் கப்பலில் உருவாகிக்கொண்டிருந்தது. அது நியூஹாம்ப்ஷயரின் போர்ட்ஸ்மத்தில் கரையேற்றி வைக்கப்பட்டிருக்கிறது. வண்டியில் மூன்று மணி நேரத்துக்குள் போய்விடலாம். உலையின் முன்னோடி இங்கே, உடலின் முன்னோடி அங்கே. இரண்டையும் பார்த்தால்தான் இன்றைய அணு நீர்மூழ்கி முழுதாகப் புரியும்.

மின்சாரத்தின் கதையைக் கடற்படை அருங்காட்சியகத்திடம் எதிர்பார்ப்பது முறையாகாது. ஆனால் நம் வீட்டு விளக்குக்கும் இந்தக் கப்பலுக்கும் உள்ள உறவு நெருக்கமானது. நாட்டிலஸ் வெற்றி பெற்றதும், விமானந்தாங்கிக் கப்பலுக்கெனத் திட்டமிட்டிருந்த உலையின் வடிவமைப்பை மாற்றி, அதே ரிக்கோவரின் மேற்பார்வையில், பென்சில்வேனியாவின் ஷிப்பிங்போர்ட்டில் அணுமின் நிலையம் கட்டினார்கள். 1957 டிசம்பரில் அது 60 மெகாவாட் மின்சாரம் தந்தது. நிலக்கரி மின்சாரத்தைவிட விலை பல மடங்கு. ஆனாலும் பழகிய வடிவம், தேர்ந்த ஆட்கள், தயாரான தொழிற்சாலைகள் என்று எல்லாம் ஒரே பக்கம் சாய்ந்துவிட்டதால், இன்று உலகில் ஓடும் நானூறுக்கும் மேற்பட்ட மின் உலைகளில் பெரும்பாலானவை அழுத்த நீர் உலைகளாகவே அமைந்துவிட்டன. கூடங்குளத்தில் இருப்பவையும், ரஷ்ய வழியில் தனியாக வளர்ந்தவை என்றாலும், இதே அடிப்படையில் அமைந்தவைதான். ஷிப்பிங்போர்ட் உலை 1982-இல் நிறுத்தப்பட்டு முற்றிலும் அகற்றப்பட்டுவிட்டது.

நீர்மூழ்கிக்கு ஏற்ற உலை தரைக்கும் ஏற்றதா என்ற கேள்விக்கு என் பதில் தயக்கத்தோடுதான் வரும். நாட்டிலஸின் உலை அதன் சுழல்விசிறிகளுக்குத் தந்த ஆற்றல் 13,400 குதிரைத்திறன், அதாவது ஏறத்தாழ 10 மெகாவாட். கூடங்குளத்தின் ஓர் உலை 3000 மெகாவாட் வெப்பத்தை எழுப்பி 1000 மெகாவாட் மின்சாரம் தருகிறது. எந்த உலையையும் நிறுத்தியவுடன் வெப்பம் நின்றுவிடாது. பிளவுபட்ட துகள்கள் சிதைந்துகொண்டே இருப்பதால் முதல் நொடிகளில் ஆறேழு விழுக்காடு வெப்பம் எஞ்சியிருக்கும், ஒருநாள் கழித்தும் அரை விழுக்காடு அளவுக்கு இருக்கும். 3000 மெகாவாட்டில் அரை விழுக்காடு என்றால் 15 மெகாவாட். நிறுத்தி ஒருநாள் ஆன கூடங்குளம் உலையில் சும்மா எழும் வெப்பம், நாட்டிலஸைத் துருவம்வரை தள்ளிய ஆற்றலைவிடக் கூடுதல். சிறிய உலைக்கு, சுற்றிலும் எல்லையற்ற குளிர்கடல். பெரிய உலைக்கு, எந்நேரமும் ஓடியாக வேண்டிய பம்புகள். 1979-இல் அமெரிக்காவின் திரீ மைல் ஐலண்ட் அணுமின் நிலையத்தில் உலை நின்ற பிறகுதான் எரிபொருள் உருகியது. 2011-இல் ஃபுகுஷிமாவிலும் அப்படித்தான். அதைக் கண்ட பிறகு இடிந்தகரை மக்கள் எழுப்பிய அச்சத்தை அறியாமை என்று ஒதுக்கியவர்கள், இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பார்த்திருக்கலாம். கூடங்குளத்தில் மின்சாரமே இல்லாவிட்டாலும் வெளிக்காற்றால் வெப்பத்தை அகற்றும் அமைப்பும், உருகி வழிந்தால் தாங்கிக்கொள்ளும் தொட்டியும் வைக்கப்பட்டிருப்பது இந்த எஞ்சிய வெப்பத்துக்கான பதில்கள்தான்.

எரிபொருளிலும் இரண்டும் வேறு. அமெரிக்கக் கடற்படை உலைகளில் 90 விழுக்காட்டுக்கும் மேல் செறிவூட்டிய (எளிதில் பிளவுபடும் வகையின் பங்கை அந்த அளவுக்குக் கூட்டிய), அணுகுண்டுக்கும் உதவக்கூடிய யுரேனியம். இன்றைய நீர்மூழ்கிகள் முப்பது ஆண்டுகளுக்கு மேல் எரிபொருள் மாற்றாமலே ஓடுவது அதனால்தான். மின் நிலையத்தில் 5 விழுக்காட்டுக்குள் செறிவூட்டியது. ஓராண்டு, ஒன்றரை ஆண்டுக்கு ஒருமுறை நிறுத்திப் பகுதி பகுதியாக மாற்ற வேண்டும். நம் நாட்டில் வரிசையே மாறியது: தாராப்பூர், கல்பாக்கம் என்று மின் உலைகள் வந்து பல ஆண்டுகள் ஆன பிறகே, அரிஹந்த் நீர்மூழ்கிக்கான முன்மாதிரி உலை கல்பாக்கத்தில் ஓடியது, அப்படி ஒன்று இருப்பதே 2009-இல்தான் பொதுவெளிக்கு வந்தது. ஐடஹோவில் செய்ததுபோலவே தரையில் ஓட்டிப் பார்த்துவிட்டுத்தான் நாமும் கடலுக்குப் போனோம்.

நாட்டிலஸ் ஐந்து லட்சம் கடல்மைலுக்கும் மேல் ஓடி 1980-இல் ஓய்வு பெற்றது. 1986 ஏப்ரல் 11 அன்று அருங்காட்சியகக் கப்பலாகத் திறக்கப்பட்டது. செர்னோபில் வெடித்தது அதற்குப் பதினைந்து நாள் கழித்து. அந்த உலை வேறு வகை என்றாலும், அணு ஆற்றலைக் கொண்டாடும் ஓர் இடத்துக்கு அதைவிட மோசமான தொடக்க மாதம் அமைந்திருக்க முடியாது.

பிரான்சின் ஷெர்பூரில் உள்ள ‘லெ ரெதூத்தாப்ள்’ என்ற ஏவுகணை நீர்மூழ்கியில், உலைப் பகுதியையே வெட்டி எடுத்துவிட்டு வெற்றுக் கூட்டைப் பொருத்தியிருப்பதால் முனையிலிருந்து முனைவரை நடக்கலாம். குரோட்டனில் பாதிக் கப்பல்தான் கிடைக்கும். ஆனால் வெட்டாத கப்பல். எனக்கு இதுவே சரி என்று படுகிறது.

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். உயரமானவர்கள் தலையைக் காத்துக்கொள்ள வேண்டும். வாசல்கள் சிறியவை, காலையும் தூக்கிவைத்தே கடக்க வேண்டும். முழங்கால் வலி உள்ள பெரியவர்கள் கப்பலைத் தவிர்த்துவிட்டு, கட்டடத்துக்குள் இருக்கும் இயங்கும் பெரிஸ்கோப்புகளில் பார்த்துக்கொண்டிருக்கலாம். குழந்தைகளை அங்கிருந்து கிளப்புவதுதான் கடினம். கப்பலுக்கு முக்கால் மணி நேரம் போதும், கட்டடத்துக்கு ஒன்றரை மணி நேரம் ஒதுக்குங்கள். வண்டி இல்லாதவர்கள் ஆற்றின் எதிர்க்கரையில் உள்ள நியூ லண்டன் நிலையம்வரை ரயிலில் வந்து வாடகை வண்டி பிடிக்கலாம். செவ்வாய்க்கிழமை விடுமுறை.